பயத்தை விரட்டாத புத்தகங்கள்

ஒரு வாசகர் போட்ட கேள்வி இது: "பயத்தைப் பற்றி எந்தப் புத்தகத்தை எடுத்தாலும் கடைசியில் 'பயப்படாதே' என்கிறது. அது முடிந்தால் நான் ஏன் காசு கொடுத்துப் புத்தகம் வாங்குகிறேன்? பயம் போகாது என்று ஒப்புக்கொண்டு, அதை வைத்துக்கொண்டே மனிதர்கள் எப்படி நாளை ஓட்டுகிறார்கள் என்று சொல்லும் புத்தகம் ஏதாவது உண்டா?"

ஜூன் 3, இரவு 10.15

உண்டு. 'துணிவு', 'வெற்றி' என்று அட்டை போட்ட அலமாரியில் கிடைக்காது. வேட்டைக் கதை வரிசையில் தேடுங்கள்: ஜிம் கார்பெட் எழுதிய ருத்ரபிரயாக் ஆட்கொல்லிச் சிறுத்தை பற்றிய புத்தகம்.

1918 முதல் 1926 வரை கட்வால் மலையில் ஒரே சிறுத்தை 125 பேரைக் கொன்றது. அது அரசுக் கணக்கு. கேதார்நாத், பத்ரிநாத் போகும் யாத்ரீகர்கள் அந்த வழியாகத்தான் நடந்து போக வேண்டும். எல்லாரும் கடைசியில் அதைச் சுடும் இடத்துக்காகப் படிக்கிறார்கள். நான் திரும்பத் திரும்பப் படிப்பது ஆரம்பப் பக்கங்களை. பகலில் அந்த ஊர்கள் வழக்கம்போல இயங்குகின்றன. ஆண்கள் சந்தைக்குப் போகிறார்கள், பக்கத்து ஊரில் சொந்தக்காரர்களைப் பார்த்து வருகிறார்கள். பெண்கள் புல் அறுக்க மலை ஏறுகிறார்கள். பிள்ளைகள் ஆடு மேய்க்கிறார்கள். பொழுது சாயத் தொடங்கியதும் அத்தனை பேரும் வீட்டைப் பார்த்து ஓட்டமும் நடையுமாகத் திரும்புகிறார்கள். இதைப் போல ஒழுங்காகக் கடைப்பிடிக்கப்பட்ட ஊரடங்கு வேறு எதுவும் இல்லை என்று கார்பெட் எழுதுகிறார்.

அதில் ஒரு சம்பவம். இரண்டு நண்பர்கள் இருட்டறையில் உட்கார்ந்து ஒரே ஹூக்காவை மாற்றி மாற்றிப் புகைக்கிறார்கள். திடீரென்று ஹூக்கா கீழே விழுந்து கங்கு சிதறுகிறது. போர்வை பற்றிக்கொள்ளப் போகிறது, பார்த்துப் பிடிக்கக் கூடாதா என்று சொல்லிக்கொண்டே ஒருவர் குனிந்து கங்கைப் பொறுக்குகிறார். குனிந்தபோதுதான் வாசல் கண்ணில் படுகிறது. மறையப்போகும் நிலவொளியில், நண்பரைக் கவ்விக்கொண்டு சிறுத்தை வெளியே போகிறது. ஒரு சத்தம் இல்லை.

ஜூன் 3, இரவு 11.40

எனக்கு ஏன் இந்தப் புத்தகம் இவ்வளவு ஒட்டிக்கொண்டது என்றும் சொல்லிவிடுகிறேன். வால்பாறைப் பக்கம் எஸ்டேட் லைன் வீட்டில் வளர்ந்தவன் நான். சிறுத்தை எங்களுக்குக் கதை இல்லை. சாயங்காலம் மூடுபனி இறங்கினால் எந்தப் பிள்ளையும் வாசலில் நிற்கக் கூடாது. கழிப்பறை வரிசையின் கடைசியில் தனியாக இருந்தது. இருட்டிய பிறகு யாரும் தனியாகப் போக மாட்டார்கள், பக்கத்து வீட்டு அக்காவைக் கூப்பிட்டுக்கொண்டு, தகரத்தைத் தட்டிக்கொண்டு போவார்கள். யாரும் "எனக்குப் பயமாக இருக்கிறது" என்று சொல்லிக் கேட்டதில்லை. "தண்ணி புடிச்சாச்சா, நாயைக் கட்டியாச்சா" என்பதுதான் பேச்சு. நாயைக் கட்டுவது நாய்க்காக இல்லை. நாயைத் தேடித்தான் சிறுத்தை வாசல் வரை வரும்.

கேட்டவருக்கு நான் தரும் பதில் கிட்டத்தட்ட இதுதான். பயத்தைப் பற்றிய நல்ல புத்தகம், வேளாவேளைக்கு என்ன செய்தார்கள் என்பதை எழுதியிருக்கும்.

ஜூன் 4, காலை 7.05

"துப்பாக்கி வைத்திருந்த வெள்ளைக்கார துரையின் புத்தகத்தில் மக்களின் பயத்தைத் தேடுவானேன்" என்று ஒருவர். சரியான கேள்வி. அவர் கதாநாயகனாக நிற்கும் பக்கங்களைத் தாண்டிப் போங்கள். எனக்கு ஆட்சேபம் இல்லை. ஆனால் சாது கதையைத் தாண்டிவிடாதீர்கள்.

மக்கள் அதைச் சிறுத்தை என்றே நம்பவில்லை. விஷம் வைத்தாலும் சாகவில்லை, பொறியில் சிக்கினாலும் தப்புகிறது, பேய்தான் என்று முடிவு கட்டிவிட்டார்கள். பேய் என்றால் பகலில் மனித உருவில் இருக்கும் அல்லவா? ஒரு சாதுவைப் பிடித்து எரிக்கக் கூடிவிட்டது கூட்டம். அங்கே வந்த மாவட்ட அதிகாரி கூட்டத்தோடு வாதாடவில்லை. "சரியான ஆளைத்தான் பிடித்திருக்கிறீர்கள், சந்தேகமே இல்லை. ஆனால் குற்றம் நிரூபணமாகட்டும். இவரைக் காவலில் வைப்போம், சாவு நிற்கிறதா பார்ப்போம்" என்கிற தோரணையில் பேசுகிறார். ஏழு நாள் காவல், ஊரே கண்கொட்டாமல் பார்க்கிறது. எட்டாம் நாள் காலையில் சில மைல் தள்ளி ஒரு வீட்டில் ஆள் போய்விட்டது என்று செய்தி. சாதுவை விட்டுவிடுகிறார்கள்.

பயந்த கூட்டத்தை எப்படிக் கையாள்வது என்று இதைவிடச் சுருக்கமாக யாரும் எழுதி நான் படித்ததில்லை. அந்த எட்டாம் நாள் செத்தவரின் பெயர் நமக்குத் தெரியாது என்பதும் உறுத்துகிறது.

ஜூன் 4, மதியம்

விட்டுப்போன ஒன்று. அந்தச் சிறுத்தை ஏன் மனிதரைத் தின்னத் தொடங்கியது? கார்பெட் சொல்லும் காரணம் 1918 இன்ஃபுளுயன்சா. சாவு அதிகமாகி, மலையிறங்கி ஆற்றங்கரையில் எரிக்க முடியாமல், வாயில் ஒரு கங்கை வைத்து உடலைப் பள்ளத்தாக்கில் தள்ளினார்கள். சிறுத்தைக்கு ருசி அங்கே பிடித்தது என்கிறார். ஒரு பயம் முடியும் முன்பே அடுத்ததற்கு விதை போட்டுவிட்டது.

ஜூன் 5, இரவு

தமிழில் ஒன்றுமே இல்லையா என்று இருவர் கேட்டிருக்கிறார்கள். ஒருவர் கொஞ்சம் கோபமாகவே. தொல்காப்பியத்திலிருந்து ஆரம்பிக்கலாமே. மெய்ப்பாட்டியலில் அச்சம் எங்கிருந்து பிறக்கிறது என்று நான்கு இடம் சொல்கிறது: "அணங்கே விலங்கே கள்வர்தம் இறை". தெய்வமும் பேயும், மிருகம், திருடன், அரசன். நான்காவதைப் பாருங்கள். காப்பாற்ற வேண்டியவனையும் கள்வனுக்குப் பக்கத்தில் உட்கார வைத்துவிட்டார்.

ருத்ரபிரயாகில் முதல் இரண்டும் ஒரே உடம்பில் வந்திருக்கின்றன.

அப்புறம் பாரதி. "அச்சமில்லை அச்சமில்லை" எல்லாருக்கும் தெரியும், கல்லூரி விழா தவறாமல் பாடுகிறார்கள். எனக்கு அதைவிடப் பிடித்தது "நெஞ்சு பொறுக்குதில்லையே". அதில் பேயில் தொடங்குகிறார்: "இந்த மரத்தில் என்பார், அந்தக் குளத்தில் என்பார், துஞ்சுது முகட்டில் என்பார்". அடுத்து மந்திரவாதி. அடுத்து சிப்பாய், ஊர்ச் சேவகன், வெகு தூரத்தில் துப்பாக்கியோடு வரும் ஒருவன். முகட்டில் தூங்கும் பேயிலிருந்து பிரிட்டிஷ் போலீஸ் வரை ஒரே மூச்சு. கோபத்தில் எழுதியதுதான், திட்டுகிறார்தான். ஆனாலும் திட்டும்போது அவர் தொகுத்திருக்கும் பட்டியல், ஊரில் இருந்து பார்த்தவர் மட்டுமே எழுதக்கூடியது.

ஜூன் 5, சற்றுக் கழித்து

மாணிக்கவாசகரின் அச்சப்பத்தை ஒருவர் நினைவூட்டியிருக்கிறார். நன்றி. "புற்றில்வாள் அரவும் அஞ்சேன், பொய்யர்தம் மெய்யும் அஞ்சேன்" என்று தொடங்கி, பாட்டுக்குப் பாட்டு இதற்கு அஞ்சேன், அதற்கு அஞ்சேன் என்று போய், ஒவ்வொரு பாட்டின் முடிவிலும் "அம்ம நாம் அஞ்சுமாறே" என்று அன்பில்லாதவரைக் கண்டு நடுங்குவது. பக்தியை ஒரு பக்கம் வைத்துவிட்டுப் படித்தால், பாம்பு, வேல், நோய் என்று அக்காலத்து மனிதனைத் தூங்கவிடாத அத்தனையும் அதில் இருக்கிறது. அஞ்சேன் என்று அடுக்குவதற்கு முன் எதற்கெல்லாம் அஞ்சுவார்கள் என்று தெரிந்திருக்க வேண்டுமே.

ஜூன் 7, இரவு 11.20

நான்காவது வகைக்கு வருகிறேன். இறை. இதற்கு ஸ்டாலின் கால ரஷ்யாவைத் தாண்டிப் போக எனக்கு வழி தெரியவில்லை.

லிடியா சுகோவ்ஸ்காயாவைப் படியுங்கள். அவருடைய கணவர் மத்வேய் பிரான்ஸ்டீன், இயற்பியலாளர். 1937 ஆகஸ்டில் கைது. 1938 பிப்ரவரியில் சுட்டுக்கொன்றுவிட்டார்கள். 1939, 1940 வாக்கில் லிடியா ஒரு பள்ளிக்கூட நோட்டில் 'சோஃபியா பெத்ரோவ்னா' என்ற குறுநாவலை எழுதினார். தட்டச்சு அலுவலகத்தில் வேலை பார்க்கும் ஒரு சாதாரணத் தாய். மகனைக் கைது செய்கிறார்கள். அரசாங்கம் தவறு செய்யாது, என் மகனும் தவறு செய்யமாட்டான் என்ற இரண்டையும் ஒரே மண்டையில் வைத்துக்கொண்டு சிறை வாசல் வரிசைகளில் நிற்கிறாள். அந்த வரிசைதான் புத்தகம். அவளோ, அங்கே நிற்கும் மற்றப் பெண்கள் எல்லாம் நிஜக் குற்றவாளிகளின் குடும்பம் என்று நினைத்து அவர்களிடமிருந்து தள்ளி நிற்கிறாள். அந்த நோட்டு பாரிஸில் அச்சேறியது 1965-ல், சொந்த நாட்டில் 1988-ல்.

இன்னொன்று, அன்னா அக்மதோவாவைப் பற்றி இவர் வைத்திருந்த குறிப்புகள். அக்மதோவா தன் 'ரெக்வியம்' கவிதைகளைக் காகிதத்தில் வைத்திருக்க முடியாது. மகன் சிறையில், வீட்டில் ஒட்டுக்கேட்கும் பயம். சுகோவ்ஸ்காயா வந்து உட்கார்ந்ததும், பேச்சின் நடுவே அக்மதோவா மௌனமாகக் கூரையையும் சுவரையும் கண்ணால் காட்டுவார். பிறகு உரக்க, "டீ குடிக்கிறீர்களா?" என்பார். துண்டுக் காகிதத்தில் வேகமாக எழுதி நீட்டுவார். இவர் படித்து மனப்பாடம் செய்து திருப்பிக் கொடுப்பார். "இந்த வருஷம் இலையுதிர் காலம் சீக்கிரம் வந்துவிட்டது" என்று மறுபடி உரக்க. தீக்குச்சி. சாம்பல் கிண்ணத்தில் காகிதம் எரிந்துவிடும்.

இரண்டு பேரும் பயந்திருந்தார்கள். கடைசி வரை பயந்துகொண்டேதான் இருந்தார்கள். கவிதையும் தப்பியது. கேள்வி கேட்டவர் தேடுவது இந்தப் பக்கங்களைத்தான் என்று நினைக்கிறேன்.

ஜூன் 8, காலை

ஓர்லாண்டோ ஃபைஜெஸ் எழுதிய 'தி விஸ்பரர்ஸ்' (2007) என்று ஒருவர் பரிந்துரைக்க, அதன் ரஷ்யப் பதிப்பு பிழைகளைக் காரணம் காட்டிக் கைவிடப்பட்டது என்று இன்னொருவர் தடுத்திருக்கிறார். இரண்டு பேரும் சொல்வது சரி. குடும்பங்கள் வீட்டுக்குள் கிசுகிசுத்து வாழ்ந்ததை அவ்வளவு பேரிடம் கேட்டுத் தொகுத்தது பெரிய வேலை. ஆனால் அடுத்தவர் பயத்தைத் தொகுப்பவர் ஒரு பெயரை, ஒரு தேதியை மாற்றினாலும் அந்தக் குடும்பத்துக்கு அது சின்ன விஷயம் இல்லை. நேரடியாக அனுபவித்து எழுதியவர்களை முதலில் படித்துவிட்டு அங்கே போங்கள்.

ஜூன் 9, இரவு

ஒரு தோழி கேட்டது, இரண்டு நாளாக மனத்தில் ஓடுகிறது: "நீங்கள் சொன்ன நான்கிலும் பஸ் ஸ்டாண்டில் இரவு பத்து மணிக்கு நிற்கும் என் பயம் எங்கே?"

கள்வர் என்று சொல்லித் தப்பிக்கலாம். தப்பிக்க மாட்டேன், ஏனென்றால் இதே தொல்காப்பியம் களவியலில் "அச்சமும் நாணும் மடனும் முந்துறுத்த" என்று அதைப் பெண்ணுக்கு எப்போதும் உரியது ஆக்கிவிட்டது. பொருளதிகாரத்தில் ஓரிடத்தில் பயத்துக்குக் காரணம் தேடுகிறார்கள். இன்னோரிடத்தில் பெண்ணிடம் அது இல்லாவிட்டால்தான் காரணம் கேட்பார்கள். "நாணும் அச்சமும் நாய்கட்கு வேண்டுமாம்" என்று பாரதி வெடித்தது சும்மா இல்லை. (நாய்களின் சார்பில் என் ஆட்சேபத்தைப் பதிவு செய்கிறேன். எங்கள் லைன் நாய்களுக்கு அச்சம் இருந்தது, நாணம் அறவே கிடையாது.)

மேலே தகரத்தைத் தட்டிக்கொண்டு போனதை எழுதினேனே, அதையும் இப்போது வேறு மாதிரி யோசிக்கிறேன். அக்காக்கள் ஏன் சேர்ந்து போனார்கள் என்பதற்குச் சிறுத்தை ஒரு காரணம். அதைச் சத்தமாகச் சொல்ல முடிந்தது. சாராயம் குடித்துவிட்டு வரிசைக் கடைசியில் உட்கார்ந்திருந்தவர்களை யாரும் காரணமாகச் சொன்னதில்லை. தகரச் சத்தம் இரண்டுக்கும் உதவியது.

ஜூன் 10

புதுமைப்பித்தனின் 'காஞ்சனை' இன்னும் வரவில்லையே என்று கேட்கிறார்கள். 1943-ல் கலைமகளில் வந்த கதை. பேய்க் கதையாக எடுத்துக்கொண்டு, பேய் நிஜமா என்று ஊர் எண்பது வருஷமாகச் சண்டை போடுகிறது. எனக்கு அதில் பேயைவிடப் பெரிய விஷயம், கணவனின் நிலை. மனைவி ஒரு பிச்சைக்காரியை வீட்டுக்குள் வேலைக்கு வைத்துக்கொள்கிறாள். அவனுக்கு இரவில் வாடை வருகிறது, தூக்கம் போகிறது. படித்தவன், எழுத்தாளன். பயமாக இருக்கிறது என்று மனைவியிடம் எப்படிச் சொல்வான்? பயத்தைப் பகிர முடியாத ஆணைப் பற்றி இவ்வளவு நுட்பமான கதை தமிழில் குறைவு.

ஜூன் 11, மதியம்

மூளையைப் பற்றிக் கேட்டவருக்குச் சுருக்கமாக. டார்வின் லண்டன் விலங்குக் காட்சிசாலையில் விரியன் வகைப் பாம்பின் கண்ணாடிக்கு முன் முகத்தை ஒட்டி வைத்துக்கொண்டு, அது கொத்த வந்தாலும் பின்வாங்குவதில்லை என்று உறுதி எடுத்தார். கொத்திய கணத்தில் ஓரிரு கஜம் பின்னால் துள்ளியிருந்தார். 1872 புத்தகத்தில் அவரே எழுதியிருக்கிறார்: அனுபவித்தே இராத ஆபத்தின் முன் தன் உறுதியும் அறிவும் செல்லவில்லை என்று. ஜோசப் லெடூ என்ற நரம்பியல் ஆய்வாளர் 'ஆங்ஷியஸ்' (2015) புத்தகத்தில், மூளையில் அமிக்டலா என்ற பகுதியைப் பயத்தின் மையம் என்று சொல்வதே தவறான பேச்சு என்கிறார். ஆபத்தைக் கண்டு உடம்பைத் துள்ள வைப்பது ஒரு வேலை, 'எனக்குப் பயமாக இருக்கிறது' என்று உணர்வது வேறு வேலை. துள்ளியதற்காக வெட்கப்பட வேண்டாம் என்று நான் அதைப் புரிந்துகொண்டேன். வள்ளுவர் ஒருபடி மேலே போய், அஞ்ச வேண்டியதற்கு அஞ்சாவிட்டால் முட்டாள்தனம் என்றே சொல்லிவிட்டார்: "அஞ்சுவது அஞ்சாமை பேதைமை".

ஜூன் 14, இரவு வெகு நேரம்

யாழ்ப்பாணத்திலிருந்து ஒருவர் எழுதியிருப்பதைப் படித்தீர்களா? வளவுக்குள் பங்கர் வெட்டியதும், பொம்பர் சத்தம் கேட்டதும் யார் பாட்டியைத் தூக்குவது, யார் தண்ணீர்க் கான் எடுப்பது என்று வீட்டில் வேலை பிரித்து வைத்திருந்ததும். அவர் பரிந்துரைத்த 'முறிந்த பனை' பற்றி ஒரு வார்த்தை. யாழ் பல்கலைக்கழக ஆசிரியர்கள் நால்வர் எழுதியது. எல்லாத் தரப்பு ஆயுதக்காரர்களையும் பெயர் சொல்லி எழுதினார்கள். அவர்களில் ஒருவரான ராஜனி திராணகம 1989 செப்டம்பர் 21 அன்று பல்கலைக்கழகத்திலிருந்து சைக்கிளில் வீடு திரும்பும் வழியில் சுட்டுக்கொல்லப்பட்டார். புத்தகம் முறையாக வெளிவந்தது அடுத்த வருஷம். அதை "பயத்தைப் பற்றிய புத்தகம்" என்று அலமாரியில் அடுக்க எனக்குக் கை வரவில்லை. ஆனால் நால்வரில் இன்னொருவர், மனநல மருத்துவர் தயா சோமசுந்தரம், 1998-ல் 'ஸ்கார்ட் மைண்ட்ஸ்' என்று போர் மக்களின் மனத்தை என்ன செய்தது என்பதையே எழுதினார். அதைத் தாராளமாக அடுக்கலாம்.

இதைப் படித்த பிறகு என் ஜூன் 3 பதிலில் ஒரு ஓட்டை தெரிகிறது. வேளாவேளைக்குச் செய்யும் ஏற்பாடு பயத்தைத் தாங்க உதவுகிறது, சரி. ஆபத்து போன பிறகு அந்த ஏற்பாடு என்ன ஆகிறது? யாழ்ப்பாணத்துக்காரர் எழுதியிருக்கிறார்: இப்போது சுற்றுலா ஹெலிகாப்டர் போனாலும் அவருடைய தாயார் எழுந்து நிற்கிறாராம். என் அம்மா கோயம்புத்தூரில் அண்ணன் வீட்டில், மூன்றாவது மாடியில் இருக்கிறார். ஆறு மணிக்குப் பால்கனிக் கதவைப் பூட்டிவிடுவார். சிறுத்தை லிப்டில் வருமா அம்மா என்று அண்ணன் கிண்டல் செய்வான். அவருக்கும் சிரிப்பு வரும். பூட்டைத் திறக்க மாட்டார்.

கார்பெட் புத்தகம் சிறுத்தை செத்ததும் முடிந்துவிடுகிறது. 1926 மே 2-ஆம் தேதிக்குப் பிறகு அந்த ஊர்களில் கதவுகள் எத்தனை வருஷம் கழித்துத் திறந்தன என்று எழுத யாரும் இல்லை. அந்தப் புத்தகம்தான் எனக்கு இப்போது வேண்டும்.

ஜூன் 15

இல்லை, ஏற்பாடுகளை ஒரேயடியாகக் குறை சொல்லவும் முடியாது. வால்பாறையில் இப்போது யானைக்கு என்ன செய்கிறார்கள் பாருங்கள். நேச்சர் கன்சர்வேஷன் ஃபவுண்டேஷன் ஆட்கள் வனத்துறையோடு சேர்ந்து, யானை பக்கத்தில் நின்றால் செல்போனுக்குச் செய்தி அனுப்புகிறார்கள், கேபிள் டிவியில் வரி ஓட விடுகிறார்கள், கம்பத்தில் சிவப்பு விளக்கு எரிய விடுகிறார்கள். போன் போட்டு அந்த விளக்கை எரிய வைக்கலாம். வேலை முடிந்து பஸ்ஸில் இறங்குகிறவர் அந்த விளக்கைப் பார்த்துவிட்டுத்தான் இருட்டுப் பாதையில் இறங்குவார். எரியாத நாளில் நிம்மதியாக நடக்கலாம். எங்கள் காலத்தில் அந்த நிம்மதி கிடையாது, ஏனென்றால் எப்போது பயப்பட வேண்டியதில்லை என்று சொல்ல யாருமில்லை. எல்லா நாளும் ஒரே அளவு பயம்.

ஜூன் 15, பின்குறிப்பு

அப்பாவுக்குப் பயந்தது எதில் சேரும் என்று கேட்டவருக்கு: இறை. காஃப்கா 1919-ல் தன் அப்பாவுக்கு எழுதிய நீண்ட கடிதம், 'ஏன் என்னைக் கண்டு பயப்படுகிறாய் என்று கேட்டீர்களே' என்றுதான் தொடங்குகிறது. பேசினால் சரியாகப் பதில் வராது, அதனால் எழுதுகிறேன் என்கிறார். அது அப்பாவின் கைக்குப் போய்ச் சேரவே இல்லை. புத்தகமாக நம் கைக்கு வந்துவிட்டது.

ஜூன் 18

கேள்வி கேட்டவர் திரும்பி வந்து, இவ்வளவும் படிக்க நேரமில்லை, ஒன்று சொல்லுங்கள் என்கிறார். 'சோஃபியா பெத்ரோவ்னா'. நூற்றுச் சொச்சம் பக்கம். இரவில் ஆரம்பிக்க வேண்டாம், ஞாயிற்றுக்கிழமை மதியம் சாப்பிட்ட பிறகு எடுங்கள். பிடிக்கவில்லையென்றால் கார்பெட்டின் முதல் இரண்டு அத்தியாயம் மட்டும். என் கார்பெட் பிரதியை யாரோ வாங்கிப்போய் ஒரு வருஷத்துக்கு மேலாகிறது; இந்த இழையில் இருப்பவராக இருந்தால் திருப்பித் தரவும், யார் என்று கேட்க மாட்டேன்.